சுண்ணாம்பில் வரைந்த வாசல்

அன்று அந்தப் பொட்டலில் நின்றவர்கள் ஐந்து பேர். என் அம்மாவின் மூத்த அண்ணனான பெரிய மாமா, அவர் மனைவி பெரிய அத்தை, சின்ன மாமாவின் மனைவி சின்ன அத்தை, நான், பிறகு துருக்கியிலிருந்து வந்த அந்த அம்மாள். வராதவர்கள் இரண்டு பேர். ஒருவர் சின்ன மாமா. அவர் லாரி மோதி இறந்து பல வருடம் ஆகிறது. இன்னொருவர் என் அம்மா. "பொறந்த வூட்ட இடிச்ச எடத்துல கேமரா வச்சிகிட்டு நிக்கறதப் பாக்க எனக்குத் தெம்பு இல்லடா. நீ போயிட்டு வா" என்று சொல்லிவிட்டாள். அம்மா வந்திருந்தால் தன் அண்ணனை உட்கார்ந்த இடத்தை விட்டு எழ விட்டிருக்க மாட்டாள். அவள் வராமல் போனது நல்லதா கெட்டதா என்று எனக்கு இன்னும் முடிவாகவில்லை.

எங்கள் குடும்பத்தில் இப்போது அந்த அம்மாளைப் பற்றி யார் வாயெடுத்தாலும் திட்டுவதற்குத்தான் எடுக்கிறார்கள். பெரிய அத்தை "அந்த வெள்ளச்சி" என்கிறாள். அவர் வெள்ளைக்காரி இல்லை என்று சொல்லிப் பார்த்துவிட்டேன். "எந்தக்காரியா இருந்தா என்னா, வந்தா, வூட்டக் கலச்சா, போயிட்டா" என்கிறாள். அதனால்தான் எழுதுகிறேன். பெயரை எழுதப் போவதில்லை. அவரே தன் படங்களில் பெயர் போடுவதில்லை. வீடு கொடுத்தவர்களின் பெயர் இல்லாத இடத்தில் படம் எடுத்தவளின் பெயர் எதற்கு என்பார்.

சிதம்பரத்தில் அவரைத் தெரிந்தவர்களுக்கு அவர் 'வரலாமா அம்மா'. தமிழில் அவர் கற்றுக்கொண்ட முதல் சொல் அதுதான். கடைசிவரை ஒழுங்காகச் சொன்னதும் அதைத்தான். எந்த வாசலானாலும் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு நின்று "வரலாமா?" என்பார். உள்ளேயிருந்து யாராவது "வாங்க" என்று சொன்னால்தான் கால் நகரும். டீக்கடையில் நின்று கேட்பார். ஜெராக்ஸ் கடையில் கேட்பார். ஒருமுறை ஏ.டி.எம். வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். காவலுக்கு உட்கார்ந்திருந்த பெரியவர் பதறி எழுந்து, "உள்ள யாரும் இல்லம்மா, மெசினுதான் இருக்குது, போங்க" என்றார்.

கோயிலுக்கு முதல்நாள் கூட்டிப்போனபோது கீழ கோபுரத்துக்கு முன்னால் நின்றுவிட்டார். வெயில் ஏறிக்கொண்டே போனது. அங்கே பூக்கட்டிக்கொண்டிருந்த ஒரு பூக்காரம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "ஏம்மா, எவ்ளோ நேரம் நிப்ப? இது யாரு வூடு, கேட்டுகிட்டு போறதுக்கு? நடராசரு வந்து கையப் புடிச்சு இட்டுகிட்டு போவாராக்கும்?" என்று கத்தினார். நான் மொழிபெயர்த்தேன். அவர் பூக்காரம்மாவுக்குத் தலை குனிந்துவிட்டு, "இவர் கூப்பிட்டதாக எடுத்துக்கொள்ளலாமா?" என்று என்னிடம் கேட்டார். எடுத்துக்கொள்ளலாம் என்றேன். அதற்குப் பிறகுதான் நுழைந்தார்.

நான் அவருக்கு மொழிபெயர்ப்பாளன். எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். பி.ஏ. ஆங்கிலம் முடித்துவிட்டு டியூஷன் சென்டரில் பாடம் எடுத்துக்கொண்டிருந்தேன். எனக்குப் பாடம் நடத்திய பேராசிரியர் ஒருவர் கூப்பிட்டு, "ஒரு வெளிநாட்டு அம்மா வந்திருக்காங்க. இல்லாம போன வீடுகளப் படம் எடுக்கறாங்களாம். கூடப் போயி பேசிவிடு" என்றார். என் ஆங்கிலம் புத்தகத்தில் படித்தது. அவருடையதும் அப்படித்தான். இரண்டு பேரும் அடுத்தவன் சட்டையைப் போட்டுக்கொண்ட மாதிரி அந்த மொழியில் பேசினோம். எனக்கு அது வசதியாக இருந்தது. தப்பாகப் பேசினாலும் வெட்கப்பட வேண்டியதில்லை.

அண்ணாமலை நகரில் ஒரு லாட்ஜில் தங்கியிருந்தார். சாப்பாடு, அதன் பக்கத்து மெஸ்ஸில். அங்கே சமைப்பவர் என் சின்ன அத்தை.

அவர் படம் எடுக்கும் முறையைச் சொல்ல வேண்டும். கேமரா கைக்கடக்கமானது, பழையது. பேட்டரி கிடையாது. பக்கவாட்டில் இருக்கும் சாவியைச் சுற்றிவிட்டால் அரை நிமிடத்துக்குள் ஓடி நின்றுவிடும். நிஜமான பிலிம் சுருள். அந்த அரை நிமிடத்தில் வந்ததுதான் வந்தது. மறுபடி எடுக்க மாட்டார். ஆளின் முகத்தை எடுக்க மாட்டார், கையைத்தான் எடுப்பார். வீடோ கடையோ இருந்த இடத்துக்குக் கூட்டிப்போகச் சொல்லி, அங்கே என்னென்ன எங்கெங்கே இருந்தது என்று கையால் காட்டச் சொல்வார்.

கடலூர் முதுநகரில் ஜங்ஷன் பக்கம் சைக்கிள் கடை வைத்திருந்த ஒருவர், கடை இருந்த இடத்தில் நின்று பஞ்சர் ஒட்டிய மூலையைக் காட்டினார். சாவி ஓடி முடிந்ததும் குனிந்து பார்த்து, "அடடா, பொத்தான் மாத்திப் போட்டிருக்கேன். தம்பி, இன்னொரு வாட்டி எடுக்கச் சொல்லு" என்றார். மறுபடி எடுப்பதில்லை என்று சொன்னேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது. "என்னாய்யா இது? எங்க ஊர்ல பொணத்துக்கே ரெண்டு போட்டோ எடுப்பாங்க. எனக்கு ஒண்ணுதானா?" அந்த அம்மாளிடம் சொன்னபோது சிரித்தார். பிறகு, "இரண்டாவது முறை அவர் எனக்காகக் காட்டுவார். முதல் முறை அவர் தனக்காகக் காட்டினார்" என்றார்.

அதே முதுநகரில் அத்தர் கடை வைத்திருக்கும் பாய் ஒருவர், துருக்கி என்றதும் எழுந்து நின்றுவிட்டார். ஸ்டூலைத் துடைத்துப் போட்டு, பிள்ளையை அனுப்பி ஜிகர்தண்டா வாங்கிவரச் செய்து, ஊர் எது, தொழுகை உண்டா, நோன்பு உண்டா என்று ஒவ்வொன்றாக விசாரித்தார். அந்த அம்மாள் ஸ்டூலில் உட்காராமல் வாசலிலேயே நின்று, "நான் மன்னிப்பு மட்டும் கேட்பேன். உள்ளே போவதில்லை" என்றார். பாய் அதைக் கொஞ்சநேரம் யோசித்துப் பார்த்தார். "வாசல்லயே நின்னு மொணமொணத்தா உள்ள இருக்கறவனுக்கு எப்புடிம்மா கேக்கும்? உள்ள வாங்க மொதல்ல" என்றார்.

சின்ன அத்தைக்கும் அவருக்கும் பொது மொழி எதுவும் இல்லை. ஆனாலும் ஒத்துப்போனது. காரணம் ஒரு டிபன் பாக்ஸ். பிலிம் சுருள்கள் சூட்டில் கெட்டுவிடும் என்று ஒரு எவர்சில்வர் டப்பாவில் போட்டு மெஸ் பிரிட்ஜில் வைக்கக் கேட்டார். அத்தை மாவுக்கும் தயிருக்கும் நடுவில் இடம் ஒதுக்கினாள். பையன்கள் யாராவது டப்பாவில் கை வைத்தால், "டேய், அது தொருக்கியம்மா பெட்டி. தொட்ட, கை இருக்காது" என்று கரண்டியை ஓங்குவாள். கரண்ட் போனால் ஐஸ்கட்டி வாங்கிவந்து சுற்றி அடுக்குவாள். உள்ளே என்ன இருக்கிறது என்று அத்தைக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. புது பிலிம் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஒருநாள் ரசம் ஊற்றிக்கொண்டிருந்த அத்தையிடம், "உங்கள் வீடு எங்கே?" என்று என் மூலமாகக் கேட்டார். அத்தை கையை விரித்து, "ரோடு மேல" என்றாள்.

உண்மைதான். பண்ணுருட்டி தாண்டி, திருவதிகை பக்கம் இருந்தது எங்கள் மாமாக்களின் வீடு. நான் கல்லூரியில் சேர்வதற்குக் கொஞ்சம் முன்னால் அதை நாலுவழிச் சாலைக்கு எடுத்துக்கொண்டார்கள். முன்னால் பெரிய மாமா, பின்னால் சின்ன மாமா என்று ஒரே மனையில் இரண்டு குடித்தனம். சின்ன மாமா போனபிறகு அத்தை சிதம்பரத்தில் மெஸ் வேலைக்கு வந்துவிட்டாள். வீட்டுக்கு எப்போதாவதுதான் போவாள், போனாலும் முன்கட்டில்தான் தங்குவாள். அளக்க வந்தபோது அவள் இங்கே இருந்தாள். தனி வாசல் இருந்தால் தனி வீடு, தனி நஷ்டஈடு. இல்லாவிட்டால் ஒரே வீடு, மொத்தப் பணமும் மூத்தவர் பேருக்கு. பெரிய மாமா ஒரே வீடு என்று எழுதிக் கொடுத்துவிட்டார். "ஒன்னுது சார்ப்புதாம்மா. வாசக்கால் வச்சுக் கட்டுன வூடு இல்லன்னு தள்ளிட்டாங்க. நான் என்னா பண்ண?" என்று அத்தையிடம் சொன்னார். அவள் வந்து பார்ப்பதற்குள் சுவர் இல்லை.

"வாசக்கால் வச்சி பூச போட்ட மாதிரிதான் ஞாபகம்" என்பாள் அத்தை என்னிடம். "மஞ்சத்தண்ணி தெளிச்சது, தேங்கா ஒடச்சது எல்லாம் கண்ணுல நிக்குது. ஆனா அது எங்க அண்ணன் வூட்ல பாத்ததோ என்னமோ. இத்தினி பேரு இல்ல இல்லங்கறப்போ எனக்கே சந்தேகமாயிடுச்சி." வீடு போனதைவிட இது அவளை அரித்தது. தன் வீட்டில் தான் எந்த வழியாக உள்ளே போனோம் என்று தெரியாமல் ஒரு பொம்பளை எப்படித் தூங்குவாள்?

அந்த அம்மாள் இதையெல்லாம் கேட்டுவிட்டு அங்கே போகலாமா என்றார். போகலாம் என்றாள் அத்தை. பெரிய மாமாவுக்குப் போன் செய்தேன். துருக்கிப் படம் என்றதும் அவருக்கு ஒரே குஷி. "நானும் வரணுமாடா? வேட்டி கட்டணுமா, பேண்டா?" என்று கேட்டார்.

பஸ்ஸில் போகும்போதுதான் டப்பாவில் இருந்ததைப் பற்றிச் சொன்னார். அவருடைய ஊர் ஒரு ஆற்றங்கரையில் இருந்தது. அணை கட்டினார்கள், ஊர் தண்ணீருக்குள் போய்விட்டது. மூழ்கப் போகும் வீடுகளை அளந்து எழுதும் வேலை அவருடைய அப்பாவுக்கு. அந்த அம்மாள் அப்போது பட்டணத்தில் சினிமா படித்துக்கொண்டிருந்தார். விடுமுறைக்குக் கேமராவோடு வந்தவர், அப்பா டேப்பை நீட்டிக்கொண்டு நுழைந்த வீடுகளில் எல்லாம் பின்னாலேயே நுழைந்து படம் எடுத்தார். சனங்கள் பாத்திரத்தைக் கட்டிக்கொண்டு அழுதுகொண்டிருந்தார்கள். யாரிடமும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. "அளப்பவரின் மகள். யார் என்னைத் தடுப்பார்கள்?" என்றார்.

அந்தச் சுருள்களை அவர் கழுவவே இல்லை. பார்க்கவும் இல்லை. இருபது வருடத்துக்கும் மேலாகப் பெட்டியில் வைத்து ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு திரிகிறார். வீடு இழந்தவர்களைப் பார்த்தால், அதே சுருளைக் கேமராவில் போட்டு, அதன் மேலேயே அவர்கள் இடத்தையும் எடுக்கிறார். ஒரே பிலிமில் இரண்டு ஊர். பழையது அழியலாம், புதியது தெரியாமல் போகலாம், இரண்டும் குழம்பலாம்.

"அப்ப உங்க ஊரு கெட்டுப் போயிடாதா?" என்று கேட்டேன்.

"கேட்காமல் எடுத்ததை நான் மட்டும் சுத்தமாக வைத்துக்கொள்ளக் கூடாது" என்றார். எனக்கு அன்று அது முழுதாகப் புரியவில்லை. பெரிய சினிமாக்காரர்கள் இப்படித்தான் பேசுவார்கள்போல என்று நினைத்துக்கொண்டேன்.

மாமா வெள்ளை வேட்டி கட்டி, சவரம் செய்துகொண்டு, மினி லோடு வண்டியில் வந்திருந்தார். நாங்கள் குட்டியானை என்று சொல்வோமே, அந்த வண்டி. பெரிய அத்தை இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றாள். சாலைக்குப் போனது போக, சரிவை ஒட்டிக் கொஞ்சம் தரை மிச்சம் இருந்தது. பின்கட்டு இருந்த இடம் அதுதான்.

அந்த அம்மாள் பொட்டலின் ஓரத்தில் செருப்பைக் கழற்றினார். சின்ன அத்தையைப் பார்த்து, "வரலாமா?" என்றார்.

பெரிய அத்தை சிரித்துவிட்டாள். "கதவே இல்ல, இவ ஒருத்தி." சின்ன அத்தை சிரிக்கவில்லை. "வாங்கம்மா" என்று முறையாகக் கூப்பிட்டாள்.

சின்ன அத்தையின் கையில் சுண்ணாம்புப் பொடிப் பை. அத்தை குனிந்து கோலம் போடுகிற மாதிரியே கோடு இழுத்தாள். சுவர், அடுப்பு, அம்மி, கோழிக்கூடை கவிழ்க்கிற மூலை. கை தயங்கவே இல்லை. "இங்க தண்ணிக் கொடம். இங்க அவரு படுப்பாரு, தல தெக்க." கேமரா இன்னும் ஓடவில்லை. அந்த அம்மாள் சாவியைச் சுற்றி வைத்துக்கொண்டு காத்திருந்தார். கிழக்குப் பக்கத்துக் கோட்டுக்கு வந்ததும் அத்தை நின்றாள். பிறகு இடைவெளியே விடாமல் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குக் கோட்டை இழுத்து மூடிவிட்டாள்.

"வாசல் எங்கே என்று கேள்" என்றார் அந்த அம்மாள்.

கேட்டேன். அத்தை பொடிப்பையைக் கீழே வைத்தாள். "வாசக்கால் எடத்துல நான் கை வெக்கக் கூடாதுடா. அவரு இல்லாதவ நான். அதோட, இருந்துச்சா இல்லையான்னே தெரியாததுக்கு எங்க போயி கோடு போடறது?"

எங்கள் பக்கம் வாசக்கால் நிறுத்துவதை வீட்டின் மூத்த ஆண்தான் செய்ய வேண்டும். கல்யாணத்தில் தாலி எடுத்துக் கொடுக்கிற மாதிரி அது ஒரு கௌரவம். நான் இதை ஆங்கிலத்தில் எப்படிச் சொல்வது என்று திணறிக்கொண்டிருந்தேன். அந்த அம்மாள் குனிந்து, மூடிய கோட்டின் மேல் கேமராவைத் திருப்பி ஓட விட்டார். அது கரகரவென்று ஓடத் தொடங்கியது.

மாமா அதுவரை வண்டியின் பின்கதவில் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டிருந்தார். யாரும் அவரைக் கேமரா முன்னால் கூப்பிடாதது அவருக்கு ஒரு குறை. "அட, என்னாடா இது, சவப்பெட்டி மாரி நாலு பக்கமும் அடச்சி வச்சிருக்கீங்க? இதுல எப்புடி உள்ள போவாங்க?" என்று இறங்கி வந்தார். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, காலால் கோட்டை ஓரிடத்தில் தேய்த்து அழித்தார். பொடியை அள்ளி இரண்டு பக்கமும் அழுத்தமாக ஒவ்வொரு கோடு வைத்தார். "இங்க. கெழக்கப் பாத்து. நான்தான நிறுத்துனேன்? அடியில வெள்ளிக்காசு போட்டது என் காசு. தம்பி பொண்டாட்டி மொத மொத உள்ள வர்ற வாசல்னு மூணு படி அரிசி அளந்தேன்." குனிந்தபடியே இரண்டு கோட்டிலும் மும்மூன்று பொட்டு வைத்தார், மஞ்சள் வைப்பது போல.

கேமரா நின்றது. சாலையில் லாரி ஒன்று இரைந்துகொண்டு போயிற்று.

"அப்ப தனி வாசல் இருந்திச்சா, மாமா?" என்றாள் சின்ன அத்தை.

கேட்ட விதத்தில் சண்டையே இல்லை. தொலைந்த சாவி அவர் சட்டைப்பையில் இருந்தது என்று தெரிந்தவளின் குரல் மாதிரி இருந்தது. மாமா நிமிர்ந்தார். கையைப் பார்த்தார். சுண்ணாம்பு.

"அது... சினிமாவுக்கு... சும்மா போட்டதும்மா."

"சினிமாவுக்கா வெள்ளிக்காசு போட்டீங்க?"

"ஏய், வாய மூடிகிட்டு வண்டில ஏறுய்யா" என்று பெரிய அத்தை மாமாவைத்தான் அதட்டினாள்.

வண்டி போய்விட்டது. என்ன நடந்தது என்று அந்த அம்மாள் என்னைக் கேட்டார். சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன், நஷ்டஈடு உட்பட. கேட்டுக்கொண்டே தரையில் உட்கார்ந்துவிட்டார். "நான் உன் அத்தையிடம் வரலாமா என்று கேட்டேன். உன் மாமாவிடம் கேட்கவில்லை. மறுபடியும் ஒருவர் வீட்டுக்குள் கேட்காமல் நுழைந்துவிட்டேன்" என்றார். என் மாமா செய்ததற்கு அவர் ஏன் இப்படி ஆகிறார் என்று எனக்கு எரிச்சலாகக்கூட இருந்தது.

அத்தைக்கு ஒன்றுதான் வேண்டியிருந்தது. "அவரு கையாலயே போட்டாரே, அந்தப் படத்த எனக்குத் தரச் சொல்லுடா. நான் வக்கீலுகிட்ட காட்டறேன்."

அது எந்தச் சுருள், அதில் ஏற்கெனவே என்ன இருக்கிறது என்று சொன்னேன். அத்தை கேட்டுக்கொண்டாள். "அப்ப எங்க வூட்டுக்குள்ள அவுங்க ஊரு இருக்குதா?" என்று மட்டும் கேட்டாள். போனிலாவது மறுபடி ஒருமுறை எடுத்துவிடலாம், மாமாவைக் கூப்பிட்டுப் பார்க்கிறேன் என்றேன். அந்த அம்மாள் தலையசைத்தார். "இனி அவர் கை நடிக்கும்" என்றார். வேண்டுமானால் பார்த்ததைத் தான் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருவதாகச் சொன்னார். அத்தை அதை ஏற்கவில்லை. "கடல் தாண்டி வந்தவங்க சாட்சி எதுக்கு? பாத்தவங்க இங்கயே இருக்கோமே."

இருக்கோமே என்றபோது அவள் என்னைப் பார்க்கவில்லை. நான் பார்க்கவேண்டிய இடத்தை விட்டுவிட்டு மற்ற எல்லா இடத்தையும் பார்த்தேன். என்னைப் படிக்கவைத்தவர் பெரிய மாமா. அப்பா இல்லாத எனக்குக் கல்லூரியில் சேர்ந்த நாளிலிருந்து பீஸ் கட்டியது அவர்தான். அத்தை கடைசிவரை என்னைச் சாட்சி சொல்லக் கேட்கவில்லை. நானாகவும் சொல்லவில்லை.

அந்த அம்மாள் ஊருக்குத் திரும்பியபோது டிபன் பாக்ஸை அத்தையே பனிக்கட்டி வைத்துக் கட்டிக் கொடுத்தாள். மெஸ் வாசலில் இரண்டு பேரும் கொஞ்சநேரம் நின்றார்கள். "போகலாமா?" என்று புதிதாக ஒரு சொல் கேட்டார் அவர். நான் சொல்லிக் கொடுத்ததில்லை. "போவலாமான்னு கேக்கக் கூடாது. போயிட்டு வரேன்னு சொல்லணும்" என்று திருத்தினாள் அத்தை. அவருக்கு அது நாக்கில் வரவில்லை.

மாதக்கணக்கில் தகவல் இல்லை. பிறகு மெயில் வந்தது. கழுவிவிட்டேன் என்று எழுதியிருந்தார். மற்ற சுருள்கள் அப்படியே இருக்கின்றன. இந்த ஒன்றை மட்டும், உன் அத்தை கேட்டதால். என் ஊரை முதல்முறை பார்த்தேன். பிரிக்க முயன்றேன், முடியவில்லை. வாசல் இருக்கிறது.

மெயிலோடு படமும் வந்திருந்தது. அத்தையிடம் சொன்னேன். அவள் யோசித்துவிட்டு, "ஒங்க மாமாவையும் வந்து பாக்கச் சொல்லு. அவரும்தான அதுல இருக்காரு" என்றாள். வரமாட்டார் என்று நினைத்தேன். மத்தியானப் பந்தி முடிந்து மேசை துடைத்துக்கொண்டிருந்தபோது, ஒரு பலாப்பழத்தைத் தோளில் வைத்துக்கொண்டு மாமா மெஸ்ஸுக்குள் வந்தார்.

லேப்டாப்பில் போட்டேன். சத்தம் கிடையாது. கறுப்பு வெள்ளை. முதலில் எங்கள் ஊர் வெயில் வெளுத்துக்கொண்டு தெரிந்தது. கோடு தெரிந்தது. பிறகு மாமாவின் கால், கோட்டைத் தேய்த்தது. பிறகு கை. மாமாவின் கை நல்ல கறுப்பு. வெளிச்சமான இடத்தில் எல்லாம் எங்கள் மண் இருந்தது. அவர் கையின் கறுப்பில் மட்டும் வேறொரு தெரு தெரிந்தது. கல் படிகள், ஒரு மரக்கதவு, அதன் மேல் பெயிண்டில் ஏதோ எண். மாமா பொடியை அழுத்திக் கோடு வைக்கும் இடத்தில், அந்த முழங்கைக்குள், தொப்பி போட்ட ஒரு ஆள் டேப்பை நீட்டிக் கதவை அளந்துகொண்டிருந்தார்.

"யாருடா இது, என் கைக்குள்ள?"

"அந்தம்மாவோட அப்பா. ஊரு தண்ணில முங்கறதுக்கு முந்தி வூடு வூடா அளந்தவரு."

படம் முடிந்தது. மாமா இன்னொரு முறை போடச் சொன்னார். போட்டேன். அந்த ஆள் டேப்பை மடித்துக்கொண்டு குறிப்பெழுதக் குனிகிறார், அதோடு நின்றுவிடுகிறது.

"எத்தன வூடுன்னு எழுதுனாராம்?"

"தெரியல மாமா. அவுங்க சொல்லல."

"சரியா எழுதியிருந்தா அந்தம்மா ஏன்டா எங்க போனாலும் வாசல்ல நின்னுகிட்டு கெடக்கு?"

நான் இத்தனை நாள் கூட இருந்தும் இப்படி யோசித்ததில்லை. அது உண்மையா என்று இன்றுவரை அவரிடம் கேட்கவும் இல்லை.

அத்தை மாமாவுக்கு ஒரு டம்ளர் மோர் கொண்டுவந்து வைத்தாள். அவர் குடிக்கவில்லை. "ஒன் வாசல நான்தாம்மா நிறுத்துனேன்" என்றார். "நெனப்பு எனக்கு எப்பவும் போவல. வூட்ல கடன் கழுத்த நெறிச்சுது. ஒண்ணுன்னு எழுதிட்டேன். ஒன் பங்கு மூணு லட்சத்துத் தொண்ணூறாயிரம். வண்டிய வித்துட்டு தந்துடறேன்."

அத்தை எதிரில் உட்கார்ந்தாள். அழுவாள் என்று நினைத்தேன். "நான் கனவு காணல, இல்ல?" என்றாள்.

"இல்லம்மா. மூணு படி அரிசி."

"சரி. இவன் படிப்புக்கு எவ்ளோ ஆச்சு?"

மாமா என்னைப் பார்த்தார். நான் மேசையைத் துடைக்கும் துணியைக் கையில் வைத்திருந்தேன். அவர் தொகையைச் சொன்னார்.

"அதையும் எம் பணத்துலேந்துதான கட்டனீங்க? அதக் கழிச்சிகிட்டுக் குடுங்க."

"அத்த, நான் சம்பாரிச்சி..."

"நீ சும்மா இரு. இங்கிலீசு படிச்ச. எனக்கு ஒரு காரியம் ஆச்சி. நீ காசா குடுத்தா வட்டிக்கு உட்ட மாரி ஆயிடும்."

எல்லாம் முடிந்தபின் அந்த அம்மாளுக்கு எழுதினேன். வழக்கம்போல உடனே மன்னிப்புக் கேட்டுத்தான் பதில் வந்தது. கடைசியில் ஒரு கேள்வி: அந்த அரை நிமிடத்துக்காக அவர்களுக்கு மொத்தம் எவ்வளவு ஆயிற்று?

ஒவ்வொன்றாக எழுதினேன். மாமாவின் வண்டி போயிற்று. இப்போது இன்னொருவர் வண்டியை ஓட்டுகிறார். வண்டி விற்றும் குறைந்த பணத்துக்குப் பெரிய அத்தையின் வளையல் அடகுக்குப் போயிற்று. இரண்டு அத்தைகளும் பேசிக்கொள்வதில்லை. மாமாவின் மகள் கல்யாணப் பத்திரிகை மெஸ்ஸுக்கு வரவில்லை. என் அம்மா அண்ணன் வீட்டுக்குப் போவதில்லை. இவ்வளவையும் ஒரே மூச்சில் எழுதிவிட்டேன். சின்ன அத்தைக்கு ஆனதை எழுதும்போதுதான் கை நின்றது. நான் எழுதிக்கொண்டிருந்த அந்த ஆங்கிலத்தின் விலை அது. எழுபத்திரண்டாயிரம் ரூபாய்.